வீட்டுக்கு வந்து ‘விவரம்’ எடுக்கிறவர்களுக்கு நாங்கள் என்ன சொல்வது?

வாவிக்கரை | திங்கள், இரவு 8.40

போன செவ்வாய்க்கிழமை பின்னேரம், முற்றத்தில் காயப்போட்ட மிளகாயை அம்மா அள்ளிக்கொண்டிருந்தபோது கடப்படியில் ஒரு மோட்டார் சைக்கிள் வந்து நின்றது. இரண்டு பேர், சிவில் உடை. ஒருவர் நல்ல தமிழ் பேசினாராம். "அம்மா, சும்மா ஒரு விவரம் எடுக்க வந்தோம், பயப்பட வேண்டாம்" என்று சொல்லிக்கொண்டே உள்ளே வந்து கதிரையை இழுத்துப்போட்டு உட்கார்ந்துவிட்டார். எந்தப் பிரிவு என்று அவர்கள் சொல்லவில்லை. அம்மாவும் கேட்கவில்லை.

வீட்டில் எத்தனை பேர், வெளிநாட்டில் யார், அங்கே இருக்கிற தம்பிக்கு என்ன வேலை, மாதம் எவ்வளவு அனுப்புகிறார், எந்த வங்கி. நான் எத்தனை மணிக்கு வேலை முடிந்து வருவேன், எனக்கு ஏன் இன்னும் கல்யாணம் ஆகவில்லை. அதற்குப் பிறகு பெரியண்ணனுக்கு வந்தார்கள். 1990 செப்டெம்பரில், 19 வயதில், அகதி முகாமிலிருந்து கொண்டுபோகப்பட்டவர் அவர். அவருடைய முழுப்பெயர், பிறந்த திகதி, படித்த பாடசாலை. காணாமல் ஆக்கப்பட்டோரின் குடும்பங்கள் கூடும்போது அம்மாவை யார் கூப்பிடுகிறார்கள், பஸ் காசு யார் கொடுப்பது, இறந்த போராளிகளை நினைக்கும் மாவீரர் நாளான இந்த மாதம் 27ஆம் திகதி எங்கே போக உத்தேசம்.

அண்ணனின் படத்துக்கு அம்மா மாலை போடுவதில்லை. உயிரோடு இருக்கிறவருக்கு மாலை போடக்கூடாது என்பார். கண்ணாடியில் வெளிச்சம் அடிக்கிறது, கழற்றி வெளியே கொண்டுவாருங்கள் என்றார்களாம். அம்மா கழற்றி, முந்தானையால் துடைத்து, நெஞ்சோடு பிடித்துக்கொண்டு நின்றிருக்கிறார். அவர்கள் தொலைபேசியில் படம் எடுத்திருக்கிறார்கள். 74 வயது அம்மா.

பிளேன்டீயும் ஊற்றிக் கொடுத்திருக்கிறார். ஏன் என்று சத்தம் போட்டேன். "கொடுக்காவிட்டால் மற்றமுறை நாலு பேர் வருவார்கள்" என்றார். அன்றிலிருந்து எனக்கு நித்திரை சரியாக இல்லை. உங்கள் வீடுகளில் என்ன செய்கிறீர்கள்? பதில் சொல்லியே ஆகவேண்டுமா?


தில்லையூரான் | திங்கள், இரவு 10.15

பிள்ளை, நான் அம்பாறைக் கரையோரத்து ஆள். திருக்கோவில் பக்கம். எனக்கு வயது 68. உன்னுடைய அம்மாவிடம் சத்தம் போடாதே. அந்தப் பிளேன்டீயின் அர்த்தம் எங்கள் வயதுக்காரருக்குத் தெரியும்.

எண்பதுகளின் நடுப்பகுதியிலிருந்து எங்கள் வீட்டுக் கதவுக்குப் பின்னால் ஒரு தாள் தொங்கியது. வீட்டில் படுக்கிறவர்களின் பெயர்கள். இரவில் வருகிறவர்கள் டோர்ச் அடித்து அந்தத் தாளையும் பாயில் கிடக்கிற தலைகளையும் எண்ணுவார்கள். ஒரு தலை கூடினாலும் குற்றம், குறைந்தாலும் குற்றம். மாமியார் வீட்டில் ஒரு இரவு தங்குவதற்குக்கூட கிராம சேவகரான விதானையாரிடம் கடிதம் எடுக்கவேண்டும். சுற்றிவளைப்பு என்றால் விடியப்புறம் எல்லோரையும் பாடசாலை மைதானத்துக்குக் கொண்டுபோவார்கள். சாக்கு மூடிய ஒருவன் ஜீப்பில் இருப்பான். அவனுக்கு முன்னால் ஒவ்வொருவராக நடக்கவேண்டும். தலை ஆடினால் ஒரு பக்கம், ஆடாவிட்டால் வீட்டுக்கு. சாக்குக்குள் இருந்தவனுடைய கால்களைப் பார்த்து அது யார் என்று எனக்கு ஒருமுறை தெரிந்துவிட்டது. என்னோடு ஒரே வாங்கில் இருந்து படித்தவன். அவனுக்கும் நான் யாரென்று தெரியும். தலையை ஆட்டவில்லை. இன்றுவரை இதைப்பற்றி நாங்கள் இருவரும் ஒரு வார்த்தை பேசியதில்லை.

பட்டியலை அரசாங்கம் மட்டும் எழுதவில்லை என்பதையும் சொல்லவேண்டும். எந்த வீட்டில் எத்தனை பிள்ளை, எத்தனை வயது என்று விடுதலைப் புலிகள் இயக்கமும் எழுதியது. 2004 மார்ச்சில் கிழக்கில் இயக்கம் இரண்டாகப் பிளந்த பிறகு யாருடைய பட்டியலில் யார் இருக்கிறார் என்பதே தெரியாமல் போயிற்று. ஆள் கடத்துகிற வெள்ளை வான் வந்தால் எந்தப் பக்கம் என்று கேட்க ஆளில்லை.

இன்றும் வீட்டுப் படியிறங்கும்போது என் கை தானாகச் சட்டைப்பைக்குப் போய் அடையாள அட்டை இருக்கிறதா என்று தட்டிப் பார்க்கிறது. ஆனால் கேள்வி மாறியிருக்கிறது, பிள்ளை. அப்போது யாரை ஒளித்துவைத்திருக்கிறாய் என்று கேட்டார்கள். இப்போது யாருக்கு விளக்கு வைக்கிறாய் என்று கேட்கிறார்கள்.


கோட்டைமுனை | திங்கள், இரவு 11.02

தங்கச்சி, உங்கள் நன்மைக்காகச் சொல்கிறேன், இதை அழித்துவிடுங்கள். 2024இல் நிகழ்நிலைக் காப்புச் சட்டம் வந்த பிறகு எழுதுகிற ஒவ்வொரு வரிக்கும் யோசிக்கவேண்டியிருக்கிறது. இதையும் வாசித்துக்கொண்டிருப்பார்கள்.


வாவிக்கரை | செவ்வாய், காலை 6.20

அண்ணன், நீங்கள் பயந்து சொல்லவில்லை, அக்கறையில் சொல்கிறீர்கள் என்று புரிகிறது. ஆனால் ஊர் பெயரோ எவருடைய பெயரோ நான் எழுதவில்லை. என் வீட்டு முற்றத்தில் நடந்ததை நான் எழுதவும் கூடாது என்றால், மிச்சம் என்ன இருக்கிறது?


மருதூர் ராத்தா | செவ்வாய், காலை 9.30

2019 ஏப்ரல் 26 இரவு சாய்ந்தமருதில், உயிர்த்த ஞாயிறு தாக்குதல் கூட்டத்தினர் ஒளிந்திருந்த வீட்டில் குண்டு வெடித்தபோது எங்கள் வீட்டு ஜன்னல் அதிர்ந்தது. அன்று இறந்தவர்களில் பச்சைக் குழந்தைகளும் இருந்தார்கள். அந்த ஆட்களைப் பற்றிப் பேசும்போது என் குரல் தளராது. காத்தான்குடி மக்களே அவர்களின் தலைவன் சஹ்ரானைப் பற்றி வருடக்கணக்காக முறைப்பாடு செய்தார்கள், 2017இல் அங்கே வாள்வெட்டு வரைக்கும் போனது. கேட்கவேண்டியவர்கள் கேட்கவில்லை. பிறகு எங்கள் எல்லோரையும் கேட்டார்கள்.

வீடுவீடாகத் தேடுதல் நடந்தது. சமையலறைக் கத்தியை எங்கே வைப்பது என்று உம்மா தடுமாறினார். முகம் மூடத் தடை வந்தது. முகம் மூடாமல் வெறுமனே தலையை மறைத்தவர்களையும் வாசலில் நிறுத்தினார்கள். அரபு எழுத்துள்ள எதையும் வீட்டில் வைக்கவேண்டாம் என்று ஊரெல்லாம் பேச்சு. வாப்பாவிடம் அவருடைய பாட்டனார் கையால் எழுதிய ஒரு புத்தகம் இருந்தது. அரபுத்தமிழ். எழுத்து அரபு, மொழி நம்முடைய தமிழ். பிள்ளைப்பேற்றுக்கான கைமருந்தும், சில பைத்துப் பாடல்களும், விதைப்புக் கணக்கும் அதில் இருந்தன. தேடுதலில் வருகிற ஒருவருக்கு அது தமிழ் என்று எப்படி விளங்கவைப்பது? உரப்பையைக் கழுவி, அதற்குள் சுற்றி, இரவு ஒரு மணிக்கு எலுமிச்சை மரத்தடியில் நானும் வாப்பாவும் புதைத்தோம். கார்த்திகை மழைக்குப் பிறகு தோண்டினோம். தாள்கள் ஒன்றோடொன்று ஒட்டி ஒரு கட்டியாக இருந்தது. வாப்பா அதைப் பிரிக்க முயலவில்லை. அப்படியே பரணில் வைத்திருக்கிறார்.

கவிஞர் அஹ்னாப் ஜஸீமை நினைத்துக்கொள்ளுங்கள். அவரும் தமிழில்தான் எழுதினார். 2020 மே மாதம் பிடித்தார்கள், 2021 டிசெம்பரில்தான் பிணை, 2023 டிசெம்பரில் விடுதலை. அவர் எழுதியது கவிதை.

தங்கச்சி, உங்களிடம் ஒன்றைச் சொல்லவேண்டும். 2019க்கு முன்னால் தமிழ் வீடுகளில் இப்படி விசாரிக்கிறார்கள் என்று கேள்விப்படும்போது, அது அவர்களுடைய பிரச்சினை, நமக்கென்ன என்று இருந்தேன். 1990இல் காத்தான்குடிப் பள்ளிவாசலில் தொழுதவர்களைப் புலிகள் கொன்றதை மறக்க முடியாத ஊர்களில் வளர்ந்தவள் நான். இருந்தாலும் அப்படி இருந்தது தவறு. என் வீட்டுக்கு வந்த கேள்விகளும் உங்கள் அம்மாவிடம் கேட்ட கேள்விகளும் ஒரே தாளில் அச்சடித்தவை.


புளியந்தீவான் | செவ்வாய், பிற்பகல் 1.10

எல்லோரும் ஒரு பக்கமாகவே எழுதுகிறீர்கள். 2019 உயிர்த்த ஞாயிறு அன்று மட்டக்களப்புச் சீயோன் தேவாலயக் குண்டுவெடிப்பில் எங்கள் உறவுக்காரப் பிள்ளை ஒன்றைப் பறிகொடுத்தோம். ஞாயிறு பாடசாலை முடிந்து வெளியே நின்ற பிள்ளைகள் அவர்கள். அந்த வைத்தியசாலை வாசலில் நின்ற எவரும் கண்காணிப்பே வேண்டாம் என்று சொல்லமாட்டார்கள். நாலு கேள்விக்குப் பதில் சொன்னால் ஒரு பிள்ளை தப்புமென்றால் நான் நாற்பது கேள்விக்குப் பதில் சொல்வேன்.


படுவான்கரையான் | செவ்வாய், பிற்பகல் 3.45

அண்ணன், உங்கள் இழப்பை வைத்து நான் வாதாடமாட்டேன். ஆனால் வவுணதீவை நினைத்துப் பாருங்கள்.

2018 நவம்பர் 30 அதிகாலை வவுணதீவுக் காவலரணில் இரண்டு பொலிஸார் கொல்லப்பட்டார்கள். மாவீரர் நாள் முடிந்து மூன்றாவது நாள். உடனே கண் போனது முன்னாள் போராளிகள் மீது. ஒருவரைப் பிடித்துப் பயங்கரவாதத் தடைச் சட்டத்தில் அடைத்தார்கள். எங்கள் பக்கத்தில் வீடுவீடாக இதே கேள்விகள்: 27ஆம் திகதி எங்கே போனாய், யார் கூப்பிட்டது, யார் காசு தந்தது. உண்மையில் செய்தது உயிர்த்த ஞாயிறு குண்டுகளை வைத்த அதே கூட்டம் என்று 2019 ஏப்ரலுக்குப் பிறகுதான் வெளிவந்தது. அந்த மனிதரை மே மாதம் விட்டார்கள். நடுவில் ஐந்து மாதம். அந்த ஐந்து மாதமும் எங்கள் வளவுகளில் விளக்கு வைத்தவர்களை எண்ணிக்கொண்டிருந்தார்கள்.

தாக்குதல் வரப்போகிறது என்று ஏப்ரல் 4ஆம் திகதியே இந்தியாவிலிருந்து தகவல் வந்தது. அன்றைய ஜனாதிபதியும் மற்ற அதிகாரிகளும் கடமை தவறினார்கள் என்று 2023 ஜனவரியில் உயர் நீதிமன்றமே தீர்ப்பளித்தது. ஜனாதிபதியாக இருந்த மைத்திரிபால சிறிசேனவை 10 கோடி ரூபாய் நட்டஈடு கட்டச் சொன்னது. சீயோனில் இறந்த பிள்ளைகளைக் காப்பாற்றியிருக்கக்கூடிய தகவல் அவர்கள் கையிலேயே இருந்தது. வாவிக்கரை அக்காவின் அம்மா யாருடைய பஸ் காசில் போனார் என்ற தகவல் யாரைக் காப்பாற்றும்?


புளியந்தீவான் | செவ்வாய், மாலை 5.20

வவுணதீவு விடயம் எனக்குத் தெரியும். அந்தத் தீர்ப்பையும் ஒவ்வொரு பக்கமாக வாசித்தேன். கண்காணிக்கவேண்டும் என்ற என் எண்ணம் மாறவில்லை. ஆனால் அந்தத் தாயின் சுவரில் இருந்த படத்தைக் கழற்றச் சொன்னது எந்தப் பாதுகாப்புக்கும் உதவாது. அதை ஒத்துக்கொள்கிறேன்.


கச்சேரி வீதி | செவ்வாய், இரவு 9.00

நீதிமன்றத்தோடு தொடர்புள்ள வேலை செய்கிறேன். வாவிக்கரை கேட்ட கேள்விக்கு என்னால் முடிந்த பதில்.

வீட்டில் குடியிருப்போரின் பட்டியலைக் கேட்பதற்குப் பொலிஸ் கட்டளைச் சட்டத்தில் இடமிருக்கிறது. ஏதாவது குற்றம் பற்றி விசாரணை நடந்தால், அதைப் பற்றித் தெரிந்தவரிடம் பொலிஸார் வாக்குமூலம் கேட்கலாம். ஆனால் என்ன முறைப்பாடு, எந்த விசாரணை என்று சொல்லாமல், அடையாளமும் காட்டாமல், உங்கள் தம்பி வெளிநாட்டிலிருந்து எவ்வளவு அனுப்புகிறார் என்று கேட்பவருக்குப் பதில் சொல்லியே ஆகவேண்டும் என்று சாதாரணச் சட்டம் சொல்லவில்லை. பெயர், பதவி, எந்த நிலையம் என்று நீங்கள் கேட்கலாம். எழுதிக்கொள்ளலாம். தொலைபேசியில் "நாளைக்கு வந்துவிட்டுப் போங்கள்" என்று கூப்பிட்டால், தமிழில் எழுத்துமூலம் அழைப்பு தாருங்கள் என்று சொல்லுங்கள். தனியாகப் போகவேண்டாம். வாசிக்கத் தெரியாத மொழியில் எழுதியதில் கையெழுத்து வைக்கவேண்டாம். இதைத் தடித்த எழுத்தில் எழுதமுடியுமென்றால் எழுதியிருப்பேன். எத்தனையோ வழக்குகளில் மனிதர்களின் வாழ்க்கையைத் தின்றது, சிங்களத்தில் எழுதி, கீழே தமிழில் கையெழுத்து வாங்கிய தாள்.

ஏனென்றால் பயங்கரவாதத் தடைச் சட்டம் வேறு விதமானது. 1979இல் தற்காலிகச் சட்டமாக வந்து, 1982இல் நிரந்தரமாகிவிட்டது. உதவிப் பொலிஸ் அத்தியட்சகர் அல்லது அதற்கு மேற்பட்டவர் எடுத்த ஒப்புதல் வாக்குமூலத்தை நீதிமன்றத்தில் சான்றாக வைக்கலாம். மிரட்டி எடுத்தது என்றால் அதை நிரூபிக்கும் சுமை கைதியின் தலையில். தடுப்புக் கட்டளையில் 18 மாதம் வைத்திருக்கலாம் என்று இருந்ததை 2022இல் 12 மாதமாகக் குறைத்தார்கள். 2021 மே 18 அன்று கிரான் கடற்கரையில், 2009இல் முள்ளிவாய்க்காலில் இறந்தவர்களை நினைத்து விளக்கேற்றிய பத்துப் பேரை இந்தச் சட்டத்தில்தான் பிடித்தார்கள். அவர்கள் வெளியே வரும்போது டிசெம்பர்.

யாரையாவது இந்தச் சட்டத்தில் பிடித்தால் 48 மணித்தியாலத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவுக்கு அறிவிக்கவேண்டும். மட்டக்களப்பிலும் கல்முனையிலும் அதற்குக் கிளை இருக்கிறது. 1996 என்ற இலக்கத்துக்கு அழைக்கலாம். அடிப்படை உரிமை மீறல் என்று உயர் நீதிமன்றம் போக ஒரு மாதம்தான் அவகாசம். அந்த ஒரு மாதத்துக்குள் ஆணைக்குழுவில் முறைப்பாடு கொடுத்துவிட்டால், அங்கே விசாரணை நடக்கும் காலம் அந்தக் கணக்கில் சேராது. பலர் இது தெரியாமல், பயம் தெளியட்டும் என்று காத்திருந்து திகதியைத் தவறவிடுகிறார்கள்.

இதையெல்லாம் எழுதுவது எனக்கு இலகு. இரண்டு பேர் முற்றத்தில் நிற்கும்போது 74 வயதுத் தாய் இதைச் சொல்வது இலகு அல்ல. அதனால் அம்மா பதில் சொன்னதைப் பிழை என்று எவரும் எண்ணவேண்டாம்.


வந்தாறுமூலை மாணவன் | செவ்வாய், இரவு 11.40

எங்கள் வகுப்பு வட்ஸ்அப் குழுவில் நவம்பர் பிறந்தால் எவரும் எதுவும் போடுவதில்லை. கார்த்திகை விளக்கீட்டுக்கு வீட்டில் ஏற்றிய விளக்கைக்கூடப் படமெடுத்துப் போடப் பயம். 2023இல் மயிலத்தமடு மேய்ச்சல் தரைக்காகப் பண்ணையாளர்கள் நடத்திய போராட்டத்துக்குப் போய்வந்த பிறகு, நான் பஸ் ஏறும் ஒவ்வொரு முறையும் தொலைபேசியில் இருக்கிற படங்களை அம்மா அழிக்கச் சொல்கிறார். மாடுகளின் படங்கள் அவை. போன வருடம் தங்கச்சியின் சாமத்தியச் சடங்கு நவம்பரில் வந்தது. சிவப்பும் மஞ்சளும் புலிக்கொடியின் நிறம், பந்தலுக்கு வேண்டாம் என்று அப்பா ஊதா நிறச் சேலை வாடகைக்கு எடுத்தார். அப்பாவிடம் அப்படிச் செய்யும்படி எவரும் சொல்லவில்லை.


வாவிக்கரை | வியாழன், இரவு 8.05

எல்லோருக்கும் நன்றி. எழுத இரண்டு நாள் எடுத்தது.

ஒரு விடயத்தை முதலில் மறைத்துவிட்டேன். வந்தவர்களுக்கு அம்மா சொல்லாத ஒன்று தெரிந்திருந்தது. வெளிநாட்டில் இருக்கிற தம்பி வேலை மாறி ஒரு மாதம்தான் ஆகிறது. "இப்போது புது வேலையாமே" என்று கேட்டிருக்கிறார்கள். அது எங்கள் வீட்டுக்கும் சந்திக் கடை அண்ணனுக்கும் மட்டும் தெரியும். நான் அந்தக் கடைக்குப் போவதை நிறுத்திவிட்டேன். ஆறு நாள், சீனி வாங்கவும் பிரதான வீதிக்குப் போனேன். வழியில் அவரைக் கண்டபோது முகத்தைத் திருப்பிக்கொண்டேன். சின்ன வயதில் என்னைத் தோளில் தூக்கி மாமாங்கத் தீர்த்தம் காட்டியவர் அவர்.

நேற்று அவரே வந்தார். கடப்படியில் நின்றார், உள்ளே வரவில்லை. போன மாதமே அவரிடம் வந்து, மகன் பல்கலைக்கழகத்தில் படிப்பதைப் பற்றிப் பேசிவிட்டு, பிறகு எங்கள் வீட்டைப் பற்றிக் கேட்டார்களாம். "ஏதாவது ஒன்றைச் சொல்லி அனுப்பவேண்டியிருந்தது பிள்ளை, பாரமில்லாத ஒன்றைச் சொன்னேன்" என்றார். அவர் மீது கோபம் வரவில்லை. அந்த ஆறு நாளை நினைத்து என் மீதுதான் வந்தது. தில்லையூரான் ஐயா எழுதிய சாக்கு மூடிய மனிதர் ஞாபகம் வந்தார். அம்மா அவரை உள்ளே கூப்பிட்டு உட்காரவைத்தார்.

இந்த இழையை அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். ராத்தா புதைத்த புத்தகத்தின் இடத்தில் கையை உயர்த்தி நிறுத்தச் சொன்னார். எழுந்து போய் அலுமாரியிலிருந்து ஒரு சீஆர் கொப்பியைக் கொண்டுவந்தார். அப்படி ஒன்று இருப்பதே எனக்குத் தெரியாது. 1990 செப்டெம்பரிலிருந்து எழுதியிருக்கிறார். எந்த முகாம் வாசலில் எந்தத் திகதி நின்றார், என்ன சொல்லித் திருப்பி அனுப்பினார்கள். 1994க்குப் பிறகு வந்த ஆணைக்குழுக்கள், காணாமல் போனோர் அலுவலகம், யார் யாரெல்லாம் வீட்டுக்கு வந்தார்கள், என்ன கேட்டார்கள். நடுவில் அப்பா இறந்த நாளுக்கு ஒரு வரி. கடைசிப் பக்கத்தில் போன செவ்வாய்க்கிழமை. நேரம், இரண்டு பேர், ஒருவருக்கு இடது புருவத்தில் தழும்பு, மோட்டார் சைக்கிள் இலக்கம். தேயிலை ஊற்றப் போகிறேன் என்று எழுந்து, குசினி ஜன்னலால் பார்த்து எழுதியிருக்கிறார்.

இன்று காலை தொலைபேசி வந்தது. நாளைக்கு வந்துவிட்டுப் போகச் சொன்னார்கள். தமிழில் கடிதம் தாருங்கள், மகளோடு வருகிறேன் என்று அம்மா சொன்னார். அந்தப் பக்கம் கொஞ்ச நேரம் சத்தமில்லை, பிறகு வைத்துவிட்டார்கள். அம்மா கொப்பியை எடுத்துக்கொண்டு கண்ணாடியைத் தேடினார்.


தில்லையூரான் | வியாழன், இரவு 9.50

பிள்ளை, அந்தக் கொப்பியைப் பிரதி எடு. நாளைக்கே எடு. எங்கள் தம்பியைப் பற்றி எங்களிடமும் ஒரு பெட்டி நிறையக் கடிதம் இருந்தது. முறைப்பாட்டுத் துண்டு, செஞ்சிலுவைக் காகிதம், அவனுடைய கையெழுத்து. 2004 டிசெம்பர் 26 கடல் வந்து கொண்டுபோய்விட்டது. இப்போது அவனைப் பற்றி எழுதிய காகிதம் இந்த உலகத்தில் இருக்கிறதென்றால், அது அவனைக் கொண்டுபோனவர்களிடம் மட்டும்தான் இருக்கிறது.


வாவிக்கரை | வெள்ளி, மாலை 6.30

எடுத்துவிட்டேன் ஐயா. 84 பக்கம். போட்டோ கொப்பிக் கடைப் பையன் முதல் நாலைந்து பக்கம் எடுக்கும்வரை தாளைப் பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு கடை வாசல் திரைச்சீலையை இழுத்துவிட்டு வந்து மிச்சத்தை எடுத்தான். இரண்டு பிரதி. ஒன்று சந்திக் கடை அண்ணன் வீட்டில் இருக்கிறது. அவராகத்தான் கேட்டு வாங்கினார்.